கேட்ட மாதிரி

அவருக்கு வீட்டில் வைத்த பெயர் ஒன்று இருக்கிறது. மருந்துச் சீட்டில் அதைப் பார்க்கலாம். தொழிலில் எல்லோருக்கும் அவர் டொய்ங்தான். சின்னப் பிள்ளைகள் மரியாதை சேர்த்து டொய்ங் சார் என்பார்கள். தொலைக்காட்சித் தொடரில் மருமகள் கையிலிருந்து தட்டு நழுவும்போதும், செத்துப்போனதாகச் சொன்ன சித்தப்பா கதவைத் திறந்துகொண்டு உள்ளே வரும்போதும், மாமியார் முகத்தை இடம், வலம், நேர் என்று மாற்றி மாற்றிக் காட்டும்போதும் ஒரு சத்தம் வருமே, அதைச் செய்தவர் அவர். ஒரு நாள் அவசரத்தில் கீபோர்டில் கை தவறி விழுந்தபோது வந்த சத்தம் அது. நன்றாக இருக்கிறதே என்று வைத்துக்கொண்டார்கள். அதற்கப்புறம் அந்தத் தவறுதான் அவருக்குச் சோறு போடுகிறது.

அவருடைய அறை ஒரு தையல் கடைக்கு மேலே இருக்கிறது. நான்கு சுவரிலும் பஞ்சுப் பலகை ஒட்டி, ஜன்னலை நிரந்தரமாகச் சாத்தி வைத்திருக்கிறார். சாத்தி என்ன பயன்? கீழே தையல் இயந்திரம் ஓடினால் அதிர்வு தரை வழியாக ஏறி மைக்குக்குள் போய்விடும். அதனால் மைக் வைத்துப் பதிவு செய்வதெல்லாம் தையல்காரர் சாப்பிடப் போகிற நேரத்தில்தான். தையல்காரர் அள்ளிப் போட்டுக்கொண்டு ஓடி வருகிற ஆள். கொஞ்சம் மென்று சாப்பிடுங்கள், உடம்புக்கு நல்லது என்று டொய்ங் அடிக்கடி சொல்வார். தையல்காரர் அதை அக்கறை என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்.

காலையில் அன்றைக்கு ஒளிபரப்பாக வேண்டிய தொடர்கள் வந்து சேரும். மாலைக்குள் இசை போட்டுத் திருப்பி அனுப்ப வேண்டும். புதிதாக எதையும் யோசிக்க நேரமும் கிடையாது, தேவையும் கிடையாது. கணினியில் அழுகைக்கு ஒரு பெட்டி, சந்தேகத்துக்கு ஒரு பெட்டி, மாமனாருக்குத் தனியாக ஒரு பெட்டி என்று வைத்திருந்தார். எடுத்து ஒட்ட வேண்டியதுதான். தொடர் இசைக்கு ஒரே விதி, அது ஏற்கெனவே கேட்ட மாதிரி இருக்க வேண்டும். சமையலறையில் வெங்காயம் நறுக்குகிறவர் காதால் மட்டுமே கதையைத் தொடர்கிறார். புதிய ஒலி கேட்டால் அவர் கை நின்றுவிடும், தலை நிமிர்ந்துவிடும். தொடர் எடுப்பவர்களுக்கு அது பிடிக்காது. “சார், இது கேட்ட மாதிரி இல்லையே” என்று திருப்பி அனுப்புவார்கள்.

அந்த வார்த்தையை அவர் சிரித்துக்கொண்டே கேட்டுக்கொள்வார். ஆனால் அதே வார்த்தைதான் ஒரு காலத்தில் அவர் கழுத்தில் கத்தி வைத்தது.

கல்யாணமான புதிதில் அவருக்கு ஒரு படம் கிடைத்தது. ஐந்து பாட்டு. நான்கு பாட்டைப் பற்றி யாரும் எதுவும் சொல்லவில்லை. ஐந்தாவது பாட்டு பிடித்துக்கொண்டது. கடை, பேருந்து, மேடைக் கச்சேரி எல்லா இடத்திலும் அதுதான். பத்து நாள் மனிதர் தரையில் நடக்கவில்லை. அதன் பிறகு வானொலியில் ஒரு அறிவிப்பாளர் வெகு பழைய பாட்டு ஒன்றைப் போட்டு, அடுத்து இவருடைய பாட்டைப் போட்டு, “எங்கயோ கேட்ட மாதிரி இருக்குல்ல?” என்று மட்டும் சொல்லிவிட்டு விளம்பரத்துக்குப் போனார். இரண்டும் ஒன்றுதான். மறுக்க வழியே இல்லை. சிறுவயதில் பக்கத்து வீட்டு வானொலி தினமும் காலையில் பாடிய பாட்டு அது. இவர் அதை மறந்தே போயிருந்தார். அவருடைய காது மறக்கவில்லை. வேண்டுமென்று எடுக்கவில்லை என்று அவர் சொன்னதை ஒருவரும் நம்பவில்லை. திருடினேன் என்று ஒப்புக்கொண்டிருந்தாலாவது சாமர்த்தியசாலி என்று பெயர் கிடைத்திருக்கும். இரண்டாவது படம் வரவில்லை. தொடர்களுக்குப் போனார். அங்கே கேட்ட மாதிரி இருப்பது குற்றமில்லை.

மகள் கல்லூரிக்குப் போகிற வயதில்தான் இரண்டாவது படம் வந்தது. ஒரு தொடரில் உதவி இயக்குநராக இருந்த பெண் முதல் படம் எடுத்தாள். டொய்ங் சார்தான் இசை என்று அவளே சொன்னாள். தயாரிப்பாளர் வேறு ஆளைச் சொல்லிப் பார்த்தார். அவள் கேட்கவில்லை. “சார் ஒரு எபிசோடுல, பெட்டியில இருந்து எடுக்காம, ஒரு பாட்டியம்மா மாடிப்படி ஏறுறதுக்குப் புதுசா ஒரு துண்டு போட்டாரு. அதை வேணாம்னு வெட்டிட்டாங்க. நான் எடுத்து வச்சிருக்கேன்” என்றாளாம். இதைக் கேள்விப்பட்ட டொய்ங் கழிப்பறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு முகம் கழுவிவிட்டு வந்தார்.

அவளுக்கு வேண்டியது ஒரு மெட்டு. கதையில் வரும் தாய் வேலை முடிந்து தனியாக நடந்து வருவாள். படத்தில் பல இடத்தில் அந்த நடை வரும். அதற்கு ஒரே மெட்டு. படத்தைத் தாங்கப் போவது அதுதான் என்றாள்.

மெட்டு குளியலறையில் வாளி நிரம்புவதற்குள் வந்துவிட்டது. அடி, நடு, முடிவு எல்லாம் சேர்ந்து, யாரோ வாசலில் கொண்டுவந்து வைத்த மாதிரி. அவர் துண்டோடு ஓடிப்போய் கீபோர்டில் வாசித்துப் பார்த்தார். ஒரு சுரத்தைக் கூட மாற்ற வேண்டியிருக்கவில்லை. மற்றவர்களாக இருந்தால் சந்தோஷப்பட்டிருப்பார்கள். அவர் கீபோர்டை அணைத்து வைத்தார். அந்த ஐந்தாவது பாட்டும் இப்படித்தான் வந்தது.

இயக்குநர் கேட்டாள். கண்ணை மூடிக்கொண்டு கேட்டு, இன்னொரு தடவை போடச் சொன்னாள். தயாரிப்பாளரும் கேட்டார். தலையை ஆட்டிக்கொண்டே, வாய் நிறையச் சிரிப்போடு சொன்னார்: “பிரமாதம் சார். எங்கயோ கேட்ட மாதிரியே இருக்கு.”

அவர் பாராட்டித்தான் சொன்னார். டொய்ங்குக்கு அது பாராட்டாகக் கேட்கவில்லை. எங்கே கேட்டீர்கள் என்று மெதுவாக விசாரித்தார். எங்கேயோ என்றார் தயாரிப்பாளர். படத்திலா, வானொலியிலா? தெரியவில்லையே. சின்ன வயதிலா, சமீபத்திலா? தயாரிப்பாளர் அவரை ஒரு மாதிரி பார்த்துவிட்டுக் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

அன்றிலிருந்து விசாரணை தொடங்கியது. முதலில் மனைவி. அவர் பரிசோதனைக் கூடத்தில் ரத்தம் எடுக்கிறவர். கை ஊசி குத்தும், வாயும் அப்படித்தான். சாப்பாட்டுத் தட்டை நகர்த்தி வைத்துவிட்டு டொய்ங் மெட்டை முனகிக் காட்டினார்.

“கேட்ட மாதிரி இருக்கா?”

“இருக்கு.”

“எங்க?”

“குளியலறையில. நேத்து. முந்தா நாள். அதுக்கு முந்தின நாள்.”

“விளையாடாத. அதுக்கு முன்னாடி கேட்டிருக்கியா?”

“ஏங்க, எங்கிட்ட வர்றவங்க எல்லாரும் தனக்கு ஏதோ பெரிய வியாதின்னு நினைச்சுக்கிட்டுத்தான் வருவாங்க. பாதிப் பேருக்கு ஒண்ணுமே இருக்காது. சாப்பிடுங்க.”

மீதிப் பாதியைப் பற்றித்தான் டொய்ங் நினைத்துக்கொண்டிருந்தார்.

மகளுடைய கைப்பேசியில் பாட்டைக் கேட்டுப் பெயர் சொல்லும் ஏற்பாடு ஒன்று இருந்தது. அதனிடம் வாசித்துக் காட்டினார்கள். தெரியாது என்றது. எல்லாப் பாட்டும் அதற்குத் தெரியுமா என்று கேட்டார். எல்லாம் எப்படித் தெரியும் என்றாள் மகள். அப்படியானால் அது தெரியாது என்று சொன்னதற்கு என்ன அர்த்தம்? மறுபடி வாசிக்கச் சொன்னார். இந்தத் தடவை அது பாவம் பார்த்து, புரியாத மொழிப் பாட்டு ஒன்றின் பெயரைச் சொன்னது. தேடிப் போட்டுக் கேட்டார்கள். ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ஆனால் அதையே திரும்பத் திரும்பக் கேட்டதில், சாயங்காலத்துக்குள் அவருக்கு ஒரு ஒற்றுமை தெரிய ஆரம்பித்துவிட்டது. “அப்பா, இன்னும் கொஞ்ச நேரம் கேட்டா மின்விசிறி சத்தமும் உங்க மெட்டு மாதிரிதான் கேக்கும்” என்று மகள் கைப்பேசியைப் பிடுங்கிக்கொண்டாள்.

தையல்காரரிடம் கேட்டார். பல் வைத்தியரிடம், வாயைத் திறந்து வைத்த நிலையில், தொண்டையாலேயே பாடிக் காட்டினார். வைத்தியர் வலிக்கிறதா என்று கேட்டார்.

கடைசியில் இரண்டு தெரு தள்ளி இருந்த புல்லாங்குழல்காரரைத் தேடிப் போனார். இருவரும் மீசை முளைத்த காலத்தில் ஒரே மேடைக் குழுவில் இருந்தவர்கள். அவர் வாசிக்காத பாட்டு கிடையாது. அவர் ஒரு வழி சொன்னார். மண்டையைக் கேட்டால் மண்டை பொய் சொல்லும், கையைக் கேட்க வேண்டும். ஏற்கெனவே வாசித்த பாட்டு என்றால், மெட்டைத் திரும்பத் திரும்ப வாசிக்கும்போது ஏதாவது ஓரிடத்தில் விரல் தானாக மூலப் பாட்டுக்குள் வழுக்கி விழுந்துவிடும். “நீ போ. நான் ஒரு வாரம் வாசிச்சுப் பாக்கறேன். விரல் வழுக்குனா சொல்றேன்” என்றார்.

டொய்ங் தினமும் கூப்பிட்டு வழுக்கிற்றா என்று விசாரித்தார். இல்லை, இல்லை என்றே பதில் வந்தது. “யோவ், குளியலறைத் தரை கூட இந்நேரம் வழுக்கியிருக்கும். இது வழுக்கல. போய் வேலையப் பாரு” என்று ஒரு நாள் அவர் சலித்துக்கொண்டார். அன்றைக்குத்தான் டொய்ங் கொஞ்சம் நிம்மதியாகச் சாப்பிட்டார். ரீரெக்கார்டிங்குக்கு நாள் குறித்தாயிற்று. வயலின்காரர்கள், செல்லோ, புல்லாங்குழல் எல்லோருக்கும் சொல்லியாயிற்று. இனி ஒன்றும் ஆகாது என்று மனதைத் தட்டிக்கொடுத்துக்கொண்டே அறைக்குப் பக்கத்தில் இருந்த தேநீர்க் கடைக்குப் போனார்.

கடை வாசலில் பெயிண்ட் அடிக்கிற ஆள் ஒருவர் தேநீரை ஆற்றிக்கொண்டே சீட்டி அடித்துக்கொண்டிருந்தார். முன்பல் ஒன்று இல்லாததால் சீட்டியில் பாதி காற்றாகப் போயிற்று. இருந்தாலும் மெட்டு தெளிவாக இருந்தது. அடி, நடு, முடிவு. அவருடைய மெட்டு. ஒரே ஒரு வித்தியாசம்: கடைசிச் சுரம் நேராக நிற்காமல், கொஞ்சம் வளைந்து, தயங்கி, இறங்கி உட்கார்ந்தது. டொய்ங் போட்டதில் அந்த வளைவு கிடையாது. அது இருந்தால் எவ்வளவு அழகாக இருக்கிறது என்று முதலில் தோன்றியது. அடுத்த நொடியே அவருக்கு எல்லாம் புரிந்துவிட்டது. மூலப் பாட்டு இப்படித்தான் இருந்திருக்கிறது. திருடிக்கொண்டு ஓடும்போது வளைவைக் கீழே போட்டுவிட்டு வந்திருக்கிறேன்.

“தம்பி, இது என்ன பாட்டு?”

“பழைய பாட்டுண்ணே.”

“எவ்வளவு பழசு?”

பெயிண்டர் யோசித்தார். “ரொம்ப. எங்கம்மா காலத்துது. நீங்க கேட்டதில்ல?”

டொய்ங் தேநீர் குடிக்காமலே மாடி ஏறினார்.

இயக்குநருக்குப் போன் செய்து மெட்டை மாற்ற வேண்டும் என்றார். அவள் ஏன் என்று கேட்டாள். காரணத்தைச் சொல்ல வாய் வரவில்லை. சொன்னால், பழைய கதை தெரியாத அந்தப் பெண்ணுக்கும் தெரிந்துவிடும். இன்னும் நல்லதாக ஒன்று தருகிறேன் என்று மழுப்பினார். ரீரெக்கார்டிங்குக்கு மிச்சமிருந்த இரண்டு நாளும் அறையை விட்டு வெளியே வரவில்லை. ஒவ்வொரு சுரத்தையும் சந்தேகப்பட்டு, கேட்ட மாதிரி இருக்கிற இடத்தையெல்லாம் களை பிடுங்குவது போலப் பிடுங்கிப் போட்டு, கடைசியில் ஒரு மெட்டு தேறிற்று. அது யாருக்கும் எதையும் ஞாபகப்படுத்தாது. அதில் அவருக்கு உறுதி இருந்தது.

இயக்குநர் ஒலிப்பதிவுக் கூடத்துக்கு வந்துதான் அதைக் கேட்டாள். கண்ணை மூடவில்லை.

“சார், இது யாரோடதும் இல்ல. அது நல்லாவே தெரியுது.”

“இதான் சரியா இருக்கும்மா.”

“அந்தம்மா நடக்கறது இதுல தெரியல சார். யாரோ நடக்கறாங்க. நீங்க சொன்னீங்கன்னு வச்சுக்கறேன். ஆனா எனக்குப் புரியற மாதிரி ஒரு காரணம் சொல்லுங்க.”

அவர் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பார்த்தார். வயலின்காரர்கள் வில்லில் பிசின்கட்டி தேய்த்துக்கொண்டிருந்தார்கள். தாளில் நோட்ஸ் எல்லாம் புது மெட்டுக்கு எழுதி விரித்து வைத்திருந்தது. உள்ளே இருந்த புல்லாங்குழல்காரர் தாளைத் தூக்கிப் பார்த்துவிட்டு, திருப்பிப் பார்த்துவிட்டு, எழுந்து கதவைத் தள்ளிக்கொண்டு இந்தப் பக்கம் வந்தார்.

“யோவ், என்னய்யா இது? மனைப் பத்திரம் மாதிரி இருக்கு. நான் ஒரு வாரம் ஊதுனது எங்க?”

டொய்ங் அவரை மூலைக்குத் தள்ளிக்கொண்டு போனார். குரலை இறக்கிப் பேசினாலும் அந்த அறை குரலை விழுங்குகிற அறை இல்லை, காட்டிக்கொடுக்கிற அறை. இயக்குநர் காதில் எல்லாமே விழுந்தது. அந்த மெட்டு தன்னுடையது இல்லை, தேநீர்க் கடையில் மூலத்தையே கேட்டுவிட்டேன், பெயிண்டர் ஒருவர் சீட்டி அடித்தார், அம்மா காலத்துப் பாட்டு என்றார், கடைசியில் ஒரு வளைவு கூட இருந்தது என்று அவர் தடுமாறித் தடுமாறிச் சொன்னார். முன்பு ஒரு தடவை பட்டது போதும், மறுபடி பட முடியாது என்றும் சொன்னார்.

புல்லாங்குழல்காரர் குழலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார்.

“பெயிண்டரா? முன்பல்லு ஒண்ணு இல்லாதவனா?”

“ஆமா.”

“சீட்டி காத்தா வருமா?”

“ஆமா, உனக்கெப்படி…”

“எங்க வீட்டுக்குத்தான்யா வெள்ளையடிச்சுக்கிட்டு இருக்கான். நீ வாசிச்சுப் பாருன்ன. நான் காலையில இருந்து சாயங்காலம் வரைக்கும் ஒரே துண்ட ஊதிக்கிட்டு இருக்கேன். அவன் ஏணி மேல நின்னு கேட்டுக்கிட்டு இருக்கான். மூணாம் நாளே புடிச்சுக்கிட்டான்.”

“அம்மா காலத்துப் பாட்டுன்னானே.”

“அவன எதைக் கேட்டாலும் பழசும்பான். எங்க வீட்டுச் செவுரக் கூட அப்படித்தான் சொன்னான். தெரியலன்னு சொல்லிட்டா கௌரவம் போயிடும் பாரு.”

“அந்த வளைவு?”

“அது என்னோடது. உன் மெட்டு கடைசில குச்சி மாதிரி நிக்குது. ஊதி ஊதி எனக்கே சகிக்கல, வளைச்சு விட்டேன்.”

இயக்குநருக்குச் சிரிப்பு வந்தது. டொய்ங்கின் முகத்தைப் பார்த்து அடக்கிக்கொண்டாள். அவர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். சந்தோஷம் வர வேண்டிய நேரம் என்று அவருக்கும் தெரிந்தது. வந்தது சந்தோஷம் இல்லை. பெயிண்டர் சாட்சி பொய் என்பது உண்மைதான். அதனால் மெட்டு தன்னுடையது என்று ஆகிவிடுமா? எந்த வீட்டு வானொலி எந்தக் காலையில் காதுக்குள் எதைப் போட்டு வைத்ததோ, யார் கண்டது? அதைக் கண்டுபிடிக்க விரலும் உதவாது, கைப்பேசியும் உதவாது. படம் வெளியாகி, யாராவது இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டால்தான் தெரியும். தெரியாமலே போகவும் கூடும். தெரியாததும் இல்லாததும் ஒன்றில்லை.

“சார்,” என்றாள் இயக்குநர். “அந்த வானொலிக் கதை எனக்குத் தெரியும். எல்லாருக்கும் தெரியும். தெரிஞ்சுதான் உங்களக் கூப்பிட்டேன். எதுன்னு நீங்க சொல்லுங்க. நீங்க சொல்றதத்தான் எடுப்பேன்.”

இவ்வளவு வருடமாகத் தான் மூடி மூடி வைத்தது எல்லோருக்கும் தெரிந்த கதை என்று அப்போதுதான் அவருக்குத் தெரிந்தது. கூடத்துக்கான நேரம் ஓடிக்கொண்டிருந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒரு வயலின்காரர் கொட்டாவி விட்டார்.

டொய்ங் எழுந்து புல்லாங்குழல்காரரோடு உள்ளே போனார். வாத்தியக்காரர்களிடம் தாளைத் திருப்பிப் போடச் சொன்னார். பின்பக்கம் வெறுமையாக இருந்தது. அவர் ஒவ்வொரு வரியாகப் பாடப் பாட அவர்கள் எழுதிக்கொண்டார்கள். கடைசிச் சுரம் வந்ததும் நின்றார். புல்லாங்குழல்காரரைப் பார்த்தார்.

“உன் வளைவ நான் போட்டுக்கட்டுமா?”

“கேட்டுட்டு எடுக்கற பாரு, இதுதான் நீ நிஜமாத் திருடுறது” என்றார் அவர்.

“எடுத்துக்கறேன்.”

“எடுத்துக்கோ.”

முதல் டேக் ஓடும்போது டொய்ங் திரையைப் பார்க்கவில்லை. வாத்தியக்காரர்களின் முகங்களையே பார்த்துக்கொண்டிருந்தார். ஆயிரம் பாட்டு வாசித்தவர்கள். ஒரு புருவம் உயர்ந்தால் போதும், ஒருவர் பக்கத்தில் இருப்பவரைப் பார்த்துச் சிரித்தால் போதும். நடுவில் செல்லோக்காரர் நெற்றியைச் சுருக்கினார். டேக் முடிந்ததும் டொய்ங் ஓடிப்போய் என்ன என்று கேட்டார்.

“கண்ணாடிய மாத்தணும் சார். ரெண்டாவது வரி கலங்கலாத் தெரியுது.”

படம் வெளியாகிச் சில வாரம் ஓடியது. பார்த்தவர்கள் அந்தத் தாயின் நடையைப் பற்றிப் பேசினார்கள். இசையைப் பற்றி ஒரு பத்திரிகையில் ஒரே வரி வந்தது, உறுத்தவில்லை என்று. அதற்கப்புறம் இன்னொரு படம் வந்தது, சின்னப் படம். தொடர்களையும் அவர் விடவில்லை. தையல்காரர் இன்னும் அவசரமாகத்தான் சாப்பிடுகிறார்.

தெரியாத எண்ணிலிருந்து போன் வந்தால் மட்டும் டொய்ங் உடனே எடுப்பதில்லை. ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துகொண்டுதான் எடுப்பார். இதுவரை யாரும் கேட்கவில்லையே, இனிமேலா கேட்கப் போகிறார்கள் என்று மனைவி சொல்லிப் பார்த்துவிட்டார். “மூலப் பாட்டு தெரிஞ்சவரு ஒருத்தர் இன்னும் படம் பாக்காம இருக்கலாம்ல” என்பார் டொய்ங். சொல்லிவிட்டு அந்த மெட்டைக் கடைசி வரை முனகுவார். வளைவு வருகிற இடத்தில் மட்டும் தைரியமாக, சத்தமாக.